14.6இல் 1.6 போனால் 12: பழைய கொழுந்துக் கணக்கு மென்பொருளைப் பிரித்துப் படித்த அனுபவம்

இலங்கை மலையகத்தில், தலவாக்கலைப் பக்கம் ஒரு தேயிலைத் தோட்டத்து ஆபீசில் 2003 முதல் 2011 வரையான கொழுந்து நிறுவைக் கணக்கு முழுவதும் ஒரே கம்ப்யூட்டரில் இருந்தது. மென்பொருளை எழுதிக் கொடுத்தவர்கள் இப்போது அந்தத் தொழிலில் இல்லை. கம்ப்யூட்டரின் மதர்போர்டு ஈரத்தில் பச்சை பூத்துச் செத்துவிட்டது. ஹார்ட் டிஸ்க் மட்டும் சுழன்றது. ஆபீஸ் கிளாக்கர் ஐயா அதை ஹட்டனில் இருக்கும் என் கடைக்குக் கொண்டுவந்து கொடுத்தார். அவருக்கு வேண்டியது ஒன்றுதான்: வேலையிலிருந்து விலகப்போகும் பெண்கள் எந்த மாதம் எத்தனை 'பேர்' போட்டிருக்கிறார்கள், அதாவது எத்தனை நாள் வேலை செய்திருக்கிறார்கள் என்ற பட்டியல்.

இது சின்ன விஷயம் இல்லை. 1983ஆம் ஆண்டின் 12ஆம் இலக்கப் பணிக்கொடைச் சட்டப்படி 5 ஆண்டு முடித்த நாட்சம்பளக்காரருக்கு ஒவ்வோர் ஆண்டுக்கும் 14 நாள் சம்பளம் சேர வேண்டும். இடையில் சில ஆண்டுகளுக்குக் கணக்கில்லை என்றால் நஷ்டம் கொழுந்து எடுத்தவருக்குத்தான். செக்ரோல் (வேலைப் பதிவு) புத்தகங்களில் பாதியைக் கறையான் தின்றுவிட்டது. மிச்சம் இருந்தது இந்த டிஸ்க்.

முதலில் தோட்ட நிர்வாகத்திடம் எழுத்தில் அனுமதி வாங்கினேன். 2003ஆம் ஆண்டின் 36ஆம் இலக்கப் புலமைச் சொத்துச் சட்டம் கணினி நிரல்களுக்கும் பதிப்புரிமைப் பாதுகாப்புக் கொடுக்கிறது. அதனால் எனக்கு நானே ஓர் எல்லை போட்டுக்கொண்டேன். மென்பொருளை உடைத்து ஓட வைப்பது என் வேலை இல்லை. அது பேரலல் போர்ட்டில் ஒரு டொங்கல் (உரிமச் சாவியாகச் செருகும் சிறு கருவி) இல்லாமல் திறக்காது. டொங்கலும் காணாமல் போய்விட்டது. அதைத் தாண்டும் வழியைத் தேடவே இல்லை. தரவு தோட்டத்தினுடையது, தரவுக் கோப்பின் அமைப்பைத் தெரிந்துகொண்டால் போதும். மென்பொருளை ஒருமுறைகூட ஓட்டாமல், படித்தே முடிக்கக்கூடிய வேலை இது.

டிஸ்கை டிடிரெஸ்கியூ என்ற மென்பொருள் கொண்டு முழுசாகப் பிரதி எடுத்து, பிரதி மாறவில்லை என்று காட்டும் ஷா-256 எண்ணைக் குறித்துவைத்து, அசலை உறையில் போட்டு மூடிவிட்டேன். மழைக்காலத்தில் இங்கே கரண்ட் எப்போது போகும் என்று சொல்ல முடியாது. பழைய டிஸ்கை யூபிஎஸ் இல்லாமல் தொடவே கூடாது.

பிரதிக்குள் ஓர் இஎக்ஸ்இ கோப்பும் (ஓடும் நிரல் இருப்பது இதில்தான்) மாதத்துக்கு ஒன்றாகத் தரவுக் கோப்புகளும் இருந்தன. இஎக்ஸ்இயை 'டிடெக்ட் இட் ஈஸி' என்ற கருவியில் போட்டதும் நிரல்களைச் சுருக்கும் யூபிஎக்ஸ் என்ற கருவியால் சுருக்கப்பட்டது என்று சொன்னது. யூபிஎக்ஸ் தன் வேலையை மறைப்பதில்லை. பிரிவுகளின் பெயரே யூபிஎக்ஸ்0, யூபிஎக்ஸ்1 என்றிருக்கும், அதே யூபிஎக்ஸிடம் கொடுத்தால் விரித்துத் தரும். விரித்த பிறகு, கோப்புக்குள் இருக்கும் சொற்களை எடுத்துக் காட்டும் ஸ்ட்ரிங்ஸ் கட்டளையை ஓட்டினேன். போர்லண்ட், டெல்ஃபி என்ற சொற்களும், ஃபார்ம்களின் (திரைப் படிவங்களின்) பெயர்களும், பட்டன்களை அழுத்தினால் எந்த ஃபங்ஷன் (ஒரு வேலையைச் செய்யும் நிரல் துண்டு) ஓடும் என்ற பெயர்களும் கொட்டின. டெல்ஃபி என்பது போர்லண்ட் நிறுவனத்தின் நிரல் எழுதும் கருவி. இது டெல்ஃபி 7, அதாவது 2002இல் வந்த பதிப்பு.

டெல்ஃபி என்று தெரிந்தது பெரிய நிம்மதி. டெல்ஃபி நிரலில் ஃபார்ம்களின் வரைவு முழுவதும் கோப்புக்குள்ளேயே ஒரு தனிப் பகுதியாக (ரிசோர்ஸ்) உட்கார்ந்திருக்கும். எந்தப் பட்டனுக்கு எந்த ஃபங்ஷன், அது எந்த முகவரியில் இருக்கிறது என்பதற்கும் அட்டவணை இருக்கும். சி மொழியில் எழுதி, ஃபங்ஷன்களின் பெயர்களைக் களைந்துவிட்ட நிரலில் இந்தப் பாக்கியம் கிடைக்காது.

இனிக் கருவிகள். டிஸ்அசெம்பிளர் பைட்டுகளை எடுத்து, புராசசர் எந்தக் கட்டளையாகப் படிக்குமோ அப்படி வரி வரியாக எழுதித் தரும். டிகம்பைலர் அதற்கு மேலே ஏறி, அந்தக் கட்டளைகள் என்ன நோக்கத்துக்காக இருக்கலாம் என்று ஊகித்து, சி மொழி மாதிரி எழுதித் தரும். டிஸ்அசெம்பிளரும் சில இடங்களில் ஊகிக்கிறது, அதை நிறையப் பேர் கவனிப்பதில்லை. ஒப்ஜ்டம்ப் போன்ற டிஸ்அசெம்பிளர்கள் முதல் பைட்டிலிருந்து கடைசி வரைக்கும் நேராக நடந்துபோகும். டெல்ஃபியோ எழுத்து மாறிலிகளைக் கட்டளைகள் இருக்கும் பிரிவுக்குள்ளேயே, ஃபங்ஷன் முடிந்த கையோடு வைத்துவிடும். நேராக நடக்கிற கருவி அந்த எழுத்துகளையும் கட்டளை என்று நினைத்து அர்த்தமில்லாத வரிகளை எழுதும். ஐடிஏ, கிட்ரா என்ற இரண்டு கருவிகளும் அழைப்புகளையும் தாவல்களையும் பின்தொடர்ந்து போவதால் இந்தக் குழியில் அவ்வளவாக விழுவதில்லை.

நான் எடுத்துக்கொண்டது கிட்ரா. அமெரிக்காவின் தேசியப் பாதுகாப்பு முகமை 2019 மார்ச்சில் வெளியிட்டது. காசில்லை, மூலநிரலும் திறந்தது. ஐடிஏவின் டிகம்பைலர் 2007இலிருந்து இருக்கிறது, நல்ல பெயரும் உண்டு, ஆனால் மலையகத்தில் ஒரு ரிப்பேர் கடை தாங்கும் விலை இல்லை. இலவசம் என்பதால் கிட்ராவைக் குறைத்து நினைக்கத் தேவையில்லை. இந்த மாதிரி வேலைக்கு அது தாராளமாகப் போதும்.

கிட்ராவுக்குள் கோப்பைக் கொண்டுவரும்போதே கம்பைலர் (எழுதிய நிரலை இயந்திரக் கட்டளைகளாக்கிய கருவி) எது என்று கேட்கும் இடத்தில் டெல்ஃபியைத் தேர்ந்தெடுக்க வேண்டும். மைக்ரோசொஃப்ட் என்று விட்டுவிட்டால் ஃபங்ஷன்களுக்கு உள்ளீடுகள் ஸ்டாக்கில் (நினைவகத்தின் ஒரு பகுதியில்) வருவதாக டிகம்பைலர் நினைத்துக்கொள்ளும். டெல்ஃபி முதல் மூன்று உள்ளீடுகளை ஈஏஎக்ஸ், ஈடிஎக்ஸ், ஈசிஎக்ஸ் ரெஜிஸ்டர்களில் (புராசசருக்குள்ளேயே இருக்கும் சிறு இடங்களில்) அனுப்புகிறது. தவறான தேர்வில், எங்கிருந்து வந்தன என்று தெரியாத மாறிகள் பக்கம் பக்கமாக நிற்கும். சரியான தேர்வில் அதே ஃபங்ஷன் பாதி நீளமாகிவிடும்.

டெல்ஃபியோடு ஆயத்தமாக வரும் நூலக ஃபங்ஷன்களுக்குப் பெயர் போட ஐடிஆர் என்ற கருவியையும் ஓட்டினேன். அதனிடம் டெல்ஃபி பதிப்பு ஒவ்வொன்றுக்கும் அறிவுத்தொகுப்பு உண்டு. அது எழுதித் தரும் பெயர்ப் பட்டியலைக் கிட்ராவுக்குள் ஏற்றுவதற்கு டிரேக் என்ற ஸ்கிரிப்ட் இருக்கிறது. ஏற்றியதும் பெயரில்லாமல் கிடந்த ஆயிரக்கணக்கான ஃபங்ஷன்களில் பெரும்பகுதி நூலகம் என்று ஒதுங்கிவிட்டது. புரோகிராமர் தன் கையால் எழுதியது கொஞ்சம்தான் மிச்சம், படிக்க வேண்டியதும் அவ்வளவுதான்.

அடுத்து, கோப்பின் ஒரு பதிவு எத்தனை பைட் என்று தெரிய வேண்டும். டெல்ஃபியில் ஒரே அளவுப் பதிவுகள் அடுக்கிய கோப்பைத் திறக்கும்போது, பதிவின் அளவை ஈடிஎக்ஸில் வைத்துவிட்டுத்தான் நூலக ஃபங்ஷனை அழைக்கும். அந்த அழைப்பைத் தேடிப் போனால் அதற்கு முந்திய வரியிலேயே ஈடிஎக்ஸுக்குள் ஹெக்ஸ் (பதினாறு அடிமான எண்) 48 போகிறது. அதாவது 72. ஒரு மாதக் கோப்பின் அளவு 972,000 பைட். 72ஆல் வகுத்தால் மீதியில்லாமல் 13,500. ஒரு நாளைக்கு மூன்று நிறுவை, ஏறக்குறைய நூற்றெண்பது பேர், இருபத்தைந்து வேலைநாள் என்றால் கணக்கு ஒத்துப்போகிறது. இப்படி நிரலும் தரவும் தோட்டத்து நடைமுறையும் ஒரே எண்ணில் வந்து சேர்ந்தால்தான் நான் அடுத்த படிக்குப் போவேன்.

பைட்டுகளை அப்படியே காட்டும் ஹெக்ஸ் எடிட்டரில் வரிக்கு 72 பைட் என்று வைத்ததும் பத்திகள் எல்லாம் கொழுந்து எடுக்க நெரை (செடி வரிசை) பிடித்த மாதிரி நேராக நின்றன. முதல் நான்கு பைட் தொழிலாளர் இலக்கம். அப்புறம் 24 பைட் பெயர்: முதல் பைட்டில் பெயரின் நீளம், பின்னால் எழுத்துகள். அதன் பிறகு மலை (கொழுந்து எடுத்த பகுதி) இலக்கம், காலையா பகலா மாலையா என்ற குறி, மழைக்குறி. 32ஆவது இடத்திலிருந்து எட்டெட்டு பைட்டாக மூன்று எண்கள். எட்டு பைட் தசம எண்ணைக் கண்ணாலேயே கண்டுபிடிக்கலாம்: தராசு காட்டும் .6, .8 போன்ற மதிப்புகள் இரட்டை அடிமானத்தில் (0, 1 மட்டும் உள்ள எண்முறையில்) முடிவில்லாமல் போவதால் 33 33 33, 99 99 99 என்று ஓடும், கடைசி பைட் ஹெக்ஸ் 40 ஆக இருக்கும், 2க்குக் குறைந்த எண் என்றால் 3எஃப்.

மூன்றில் முதலாவது தேதி. டெல்ஃபி 1899 டிசம்பர் 30ஐப் பூச்சியமாக வைத்து நாட்களை எண்ணுகிறது. அதன்படி 2011 ஜனவரி 1 என்பது 40544. இரண்டாவது தராசில் விழுந்த மொத்த எடை. மூன்றாவது கழிவு, அதாவது சாக்குக்கும் தண்ணீருக்கும் என்று கழிக்கும் எடை. 56ஆவது இடத்தில் தேறிய எடை, முழு எண்ணாக. அதன்பின் நான்கு பைட் குப்பை. எட்டின் மடங்கில் அடுத்த எண் தொடங்க வேண்டும் என்பதற்காகக் கம்பைலர் விட்ட இடைவெளி அது. அதற்குள் இருப்பதற்கு அர்த்தம் தேடினால் நேரம்தான் போகும். கடைசி எட்டு பைட் கிலோவுக்கான காசு, பத்தாயிரத்தால் பெருக்கிய முழு எண்ணாக. டெல்ஃபி பணத்தை அப்படித்தான் வைக்கும்.

பெயர்ப் பகுதி மட்டும் படிக்க முடியாமல் இருந்தது. ஆங்கிலச் சிற்றெழுத்துகள், நடுநடுவே அரைப்புள்ளி. முதல் பார்வையில் யாரும் மறைகுறியீடு என்றுதான் நினைப்பார்கள். நிரலில் அந்தப் பகுதியை எழுதும் இடத்துக்குப் போய்ப் பார்த்தேன். திரையிலிருந்து வந்த எழுத்தை அப்படியே எடுத்து வைக்கிறது, எந்த மாற்றமும் செய்யவில்லை. அப்படியானால் திரையிலேயே அப்படித்தான் இருந்திருக்கிறது. ஃபார்ம் வரைவில் எழுத்துருவின் பெயரைப் பார்த்ததும் விளங்கிவிட்டது: பாமினி! இலங்கையில் யூனிகோட் பரவுவதற்கு முன் கம்ப்யூட்டரில் தமிழ் தட்டியவர்களுக்கு இது தெரியாமல் இருக்காது. பாமினியில் அம்மா என்று எழுதினால் உள்ளே எம், கே, அரைப்புள்ளி, கே, எச் என்றுதான் பதிவாகும். அரைப்புள்ளிதான் மெய்யெழுத்தின் புள்ளி; அதனால்தான் அது அத்தனை தடவை வந்தது. பாமினியை யூனிகோடாக்கும் அட்டவணையைப் போட்டதும் பெயர்கள் எல்லாம் தமிழில் எழுந்து நின்றன. திரையில் ஒவ்வொரு பெயராக வந்தபோது நான் கொஞ்ச நேரம் வேறெதுவும் செய்யவில்லை. என் அம்மாவும் கொழுந்து எடுத்தவர்.

இதோடு கிளாக்கர் ஐயா கேட்டது முடிந்திருக்கும். ஆனால் நான் எடுத்த எண்களைச் சரிபார்க்கத் தனியாக ஒரு சான்று தேவைப்பட்டது. பழைய சம்பளத் துண்டுகளைப் பத்திரமாக வைத்திருந்த ஓர் அக்காவைத் தேடி லயத்துக்கு (தோட்டத் தொழிலாளர் வீட்டு வரிசைக்கு) போனேன். துண்டுகளை எடுத்துக் கொடுத்துக்கொண்டே அவர் சொன்னது: "தம்பி, மழ நாள்ல தராசு பதினாலரனு காட்டும். துண்டுல பன்னெண்டுதான் இருக்கும். சாக்குக்கு, தண்ணிக்குனு கழிக்கிறாங்க, சரி. அதுக்கு மேல போறது எங்க போகுதுனு ஒருத்தரும் சொன்னதில்ல."

கோப்பைப் பார்த்தால் மழை நாளில் கழிவு 1.6. பதினாலரையில் 1.6 போனால் 12.9. துண்டில் 12. பதின்மூன்றாக அல்லவா ஆகியிருக்க வேண்டும்? அந்த 0.9க்கான பதில் நிரலுக்குள்தான் இருக்க முடியும்.

நிறுவைப் பட்டனுக்கான ஃபங்ஷன் ஏற்கனவே பெயரோடு இருந்தது. டிகம்பைலரில் திறந்தேன்: மொத்த எடையிலிருந்து கழிவைக் கழித்து, ஒரு சிறிய ஃபங்ஷனுக்குள் அனுப்பி, வருவதைத் தேறிய எடையாக எழுதுகிறது. அந்தச் சிறிய ஃபங்ஷனுக்கு ஐடிஆர் கொடுத்த பெயர் டிரங்க், அதாவது தசமத்தை வெட்டி எறிவது. அதே ஃபங்ஷனுக்குள் போனால் கிட்ராவின் டிகம்பைலர் காட்டுவது ரவுண்ட், அதாவது அருகிலுள்ள முழு எண்ணுக்குக் கொண்டுபோவது. ஒரே பைட்டுகளுக்கு இரண்டு கருவியும் எதிரெதிராகச் சொல்கின்றன. ஒன்று சரியென்றால் அக்காவுக்கு 12, மற்றது சரியென்றால் 13.

இந்த இடத்தில் டிகம்பைலர் ஜன்னலை மூடிவிட்டு அசெம்பிளியைத்தான் படிக்க வேண்டும். மொத்தமே பத்துப் பன்னிரண்டு கட்டளைகள். முதலில், தசமக் கணக்கு செய்யும் பகுதியின் கட்டுப்பாட்டு எண்ணை எடுத்து நினைவகத்தில் வைக்கிறது. அதன் பிரதி ஒன்றில் ஹெக்ஸ் 0எஃப்00ஐச் சேர்த்து, அதை மறுபடி ஏற்றுகிறது. அப்புறம்தான் எஃப்ஐஎஸ்டிபி என்ற கட்டளையால் தசம எண்ணை முழு எண்ணாக்குகிறது. கடைசியில் பழைய கட்டுப்பாட்டு எண்ணைத் திரும்ப ஏற்றிவிட்டு வெளியே வருகிறது. எஃப்ஐஎஸ்டிபி எப்படி முழுமையாக்கும் என்பதைத் தீர்மானிப்பது அந்தக் கட்டுப்பாட்டு எண்ணின் 10ஆம், 11ஆம் பிட்கள். இரண்டும் 0 என்றால் அருகிலுள்ள எண். இரண்டும் 1 என்றால் பூச்சியத்தை நோக்கி வெட்டு. ஹெக்ஸ் 0எஃப்00 அந்த இரண்டையும் 1 ஆக்குகிறது. கிட்ரா எஃப்ஐஎஸ்டிபியைக் கண்டதும் ரவுண்ட் என்று எழுதிவிடுகிறது, கட்டுப்பாட்டு எண் மாறியதைக் கணக்கில் எடுப்பதில்லை. ஆக, வெட்டுவதுதான் நடந்திருக்கிறது.

டிகம்பைலரைக் குறை சொல்ல இதை எழுதவில்லை. அது இல்லாவிட்டால் அந்த ஃபங்ஷன் வரைக்கும் வந்து சேரவே வெகுநாள் ஆகியிருக்கும். ஆனால் மனிதர்களின் கூலியைத் தொடும் ஒரு வரியை டிகம்பைலர் எழுதியதை மட்டும் வைத்து முடிவு செய்யக்கூடாது என்பதில் நான் உறுதியாக இருக்கிறேன்.

பைட்டிலிருந்து படித்ததைத் தரவில் சோதித்தேன். பைத்தானில் ஒரு சின்ன ஸ்கிரிப்ட்: ஒவ்வொரு பதிவிலும் மொத்தத்திலிருந்து கழிவைக் கழித்து, தசமத்தை வெட்டி, கோப்பில் இருக்கும் தேறிய எடையோடு ஒப்பிடு. ஏறக்குறைய எல்லாம் ஒத்துப்போயின. சில வரிகள் மட்டும் ஒரு கிலோ இடித்தன. அவற்றை எடுத்துப் பார்த்தால் எல்லாவற்றிலும் கழித்த பின் வருவது முழு எண்! 14.6இல் 1.6 போனால் 13, பைத்தானும் 13 என்கிறது, கோப்பில் 12.

இதற்குக் காரணம் அந்தக் காலத்துப் புராசசர் கணக்கு செய்த விதம். 14.6ஐ இரட்டை அடிமானத்தில் துல்லியமாக எழுத முடியாது. உள்ளே இருப்பது 14.6க்கு ஒரு துளி குறைவு. 1.6க்காக உள்ளே இருப்பது ஒரு துளி கூட. கழித்தால் உண்மையில் வருவது 12.9999999999999995 சொச்சம். பைத்தான் 64 பிட் எண்ணிலேயே விடையை வைக்கப் பார்க்கிறது. அந்த அளவில் இவ்வளவு சிறிய வித்தியாசம் நிற்காது, 13.0 ஆகிவிடுகிறது. டெல்ஃபி 7 பயன்படுத்திய, புராசசரின் பழைய எக்ஸ்87 என்ற தசமக் கணக்குப் பகுதியோ 80 பிட்டில் கணக்கு செய்கிறது. அங்கே அந்த வித்தியாசம் தப்பி நிற்கிறது. உடனே வெட்டினால் 12. தராசில் முழுசாக 13 கிலோ தேறியவருக்கும் ஒரு கிலோ போயிருக்கிறது. ஸ்கிரிப்டில் பின்னக் கணக்குக்கான ஃப்ராக்ஷன் வகையைப் போட்டு, உள்ளே இருக்கும் எண்ணை அப்படியே துல்லியமாகக் கழிக்க வைத்தேன். அதன்பின் ஒரு வரிகூட இடிக்கவில்லை. நிரல் செய்த கணக்கு இதுதான் என்பதில் எனக்கு அதற்கப்புறம் சந்தேகம் இருக்கவில்லை.

தராசு பத்தில் ஒரு பங்கு கிலோ வரை காட்டும். மேலே சொன்ன முழு எண் வரிகளை விட்டால், வெட்டும்போது 0 முதல் 0.9 வரை எதுவும் போகலாம். பத்துச் சாத்தியங்களும் சமமாக வருமென்றால் சராசரி 0.45 கிலோ. ஒரு நாளைக்கு மூன்று நிறுவை. மாதக் கடைசியில், கிலோவுக்கு இவ்வளவு என்று கைக்காசுக்கு எடுத்த கிலோவிலும் இதே வெட்டு. எழுதியவர் வேண்டுமென்றே செய்தாரா, முழு எண்ணாக்கக் கைக்கு வந்த ஃபங்ஷனைப் போட்டாரா என்பதை நிரலிலிருந்து சொல்ல முடியாது. சொல்ல முடிந்ததை இரண்டு பக்கத்தில் எழுதி, பதிவு எண்களோடு ஆபீசில் கொடுத்தேன். அக்காவுக்கும் வாயால் விளக்கிச் சொன்னேன். அவர் கேட்டது நியாயமான கேள்வி, பதிலும் அவருக்குச் சேர வேண்டியது. இன்று மின்தராசும் புது மென்பொருளும் வாங்கும் தோட்டங்களுக்கு என் யோசனை: எடையை எப்படி முழுமையாக்குகிறது, கழிவு எங்கே பதிவாகிறது என்ற இரண்டையும் விற்பவரிடம் எழுத்தில் கேட்டு வாங்குங்கள். எடையைக் கிராமில் முழு எண்ணாக வைத்தால் இந்தத் தசமத் தொல்லை வரவே வராது.

மிஞ்சியது 2003ஆம் ஆண்டின் சில மாதங்கள். அந்தக் கோப்புகளின் அளவு 72ஆல் வகுபடவில்லை. அவற்றை எழுதிய பழைய பதிப்பின் இஎக்ஸ்இயும் டிஸ்கில் இல்லை, டிஸ்அசெம்பிளருக்குக் கொடுக்க எதுவுமில்லை. ஆனால் தேதி எண் எப்படி இருக்கும் என்று இப்போது தெரியும்: 2003 ஜனவரி 1 என்றால் 37622. அந்த எல்லைக்குள் வரும் எட்டு பைட் எண்களைத் தேடினால் சரியாக 64 பைட்டுக்கு ஒன்றாக வந்தன. 72இலிருந்து எட்டுக் குறைவு. கழிவு என்ற பகுதியே அந்தப் பதிப்பில் இல்லை, அதற்குப் பின்னால் உள்ளவை எட்டு இடம் முன்னே நகர்ந்திருக்கின்றன. அக்காவின் துண்டுகளில் அந்த ஆண்டுக்குரியவற்றோடு ஒப்பிட்டேன், நாட்கள் சரியாக வந்தன.

எல்லா மாதங்களும் இப்போது யூனிகோட் பெயர்களோடு சிஎஸ்வி கோப்புகளாக ஆபீசில் இருக்கின்றன. என்னிடம் இருந்த பிரதியைக் கையெழுத்து வாங்கிக்கொண்டு அழித்துவிட்டேன். மொத்த எடை, கழிவு, தேறிய எடை என்ற மூன்று பத்திகளோடு, கழித்த பின் வெட்டாத எடைக்கு நான்காவதாக ஒரு பத்தியும் சேர்த்திருக்கிறேன். 2003இன் அந்த மாதங்களில் கழிவுப் பத்தியும் நான்காவது பத்தியும் வெறுமையாக இருக்கும். கோப்பில் இல்லாததை நான் நிரப்பவில்லை.